அழுகையும் பேசி வைத்ததா?

2015 ஜனவரி 4, ஞாயிற்றுக்கிழமை. மதியம் சாப்பிட்ட கையோடு லேப்டாப் முன்னால் உட்கார்ந்தவன், அம்மா விளக்கேற்ற வரும்வரை எழுந்திருக்கவில்லை. திரையில் ஆறடி மூன்றங்குல ஆள் ஒருவர், பொன்னிறச் சாயம் அடித்த தலையைத் தொங்கப்போட்டுக்கொண்டு, நீளமான மேடைப்பாதையில் அழுதுகொண்டே நடந்துகொண்டிருந்தார். கண்ணீரை மறைக்கவும் இல்லை, துடைக்கவும் இல்லை. தாடி வைத்த குள்ளமான மனிதர் ஒருவர் பக்கத்திலேயே நடந்தார். பின்னால் ரிங்கில் வேறொருவர் கையில் பெல்ட்.

தீப்பெட்டியோடு நின்ற அம்மா கேட்டார்.

“ஏன்டா அழுவுறான் அந்தப் பையன்?”

“தோத்துட்டான்மா.”

“யாரு ஜெயிக்கணும், யாரு தோக்கணும்னு முன்னாடியே பேசி வச்சிக்கிட்டுத்தான் ஆடுவாங்கன்னு நீதானே சொன்ன?”

“ஆமா.”

“அப்ப இந்த அழுகையும் பேசி வச்சதா?”

பதில் சொல்ல வாயெடுப்பதற்குள் அம்மா சாமி மாடத்துக்குப் போய்விட்டார். அவருக்கு அது போகிறபோக்கில் கேட்ட கேள்வி. எனக்கு அப்படி இல்லை. பத்து வருஷத்துக்கு மேல் ஆகிவிட்டது, ஒவ்வொரு ஜனவரி 4 அன்றும் அந்தக் கேள்வி வந்து பக்கத்தில் உட்கார்ந்துகொள்கிறது.

அழுதவர் பெயர் கசுச்சிகா ஒகாடா. பெல்ட்டோடு ரிங்கில் நின்றவர் ஹிரோஷி தனஹாஷி. இடம் டோக்கியோ டோம். நிகழ்ச்சி, நியூ ஜப்பான் புரோ ரெஸ்லிங் நடத்திய ஒன்பதாவது ‘ரெஸில் கிங்டம்’.

என் வயதுக்காரர்களுக்கு ரெஸ்லிங் என்றால் டபிள்யூடபிள்யூஎஃப். அண்டர்டேக்கர் செத்துப் பிழைப்பார் என்று சத்தியம் செய்து, பெட்டிக்கடையில் வாங்கிய சீட்டுக்கட்டில் உயரம், எடை, மார்பளவு, ரேங்க் என்று மோதி, தோற்றால் சீட்டைப் பறிகொடுத்து அழுத தலைமுறை. அதெல்லாம் நாடகம் என்று ஏதோ ஒரு வயதில் யாரோ ஒரு அண்ணன் சொல்லிவிடுவார். பெரும்பாலானோர் அத்தோடு விட்டுவிடுவார்கள். என்னைப் போல விடாதவர்கள் கொஞ்சம் பேர், நாடகம் என்றால் நல்ல நாடகம் எங்கே நடக்கிறது என்று தேடிப் போனோம். தேடினால் கடைசியில் ஜப்பானில் போய்த்தான் நிற்க வேண்டியிருந்தது.

2014 டிசம்பர் 1 அன்று நியூ ஜப்பான் தன் சொந்த இணைய ஒளிபரப்பைத் தொடங்கியது. மாதம் 999 யென். அன்றைய கணக்கில் நமக்கு ஐந்நூற்றுச் சொச்சம் ரூபாய். பக்கம் முழுக்க ஜப்பானிய எழுத்து. எந்தப் பொத்தானை அழுத்தினால் காசு போகும், எதை அழுத்தினால் படம் வரும் என்று தெரியாமல் இரண்டு ராத்திரி தடவி, ஒருவழியாகக் கார்டு ஏறியது. வர்ணனையும் ஜப்பானிய மொழிதான், ஒரு வார்த்தை விளங்காது. அதனாலேயே உடம்புகளை மட்டும் பார்க்கப் பழகினேன். அது நல்லதுக்குத்தான் என்று பிறகு தோன்றியது.

ஜனவரி 4 என்பதை ஜப்பானிய ரசிகர்கள் ‘இத்தென் யோன்’ என்பார்கள். ஒன்று புள்ளி நான்கு என்று தேதியைப் படிக்கிற விதம். புத்தாண்டு விடுமுறையின் வால்பகுதி. 1992-லிருந்து அந்தத் தேதியில் டோக்கியோ டோமில் நியூ ஜப்பான் நிகழ்ச்சி நடத்தி வருகிறது. ‘ரெஸில் கிங்டம்’ என்ற பெயர் வந்தது 2007-ல். அந்தப் பெயரே அப்போது கம்பெனியை வாங்கியிருந்த யூக்ஸ் என்ற வீடியோ கேம் நிறுவனத்தின் விளையாட்டிலிருந்து எடுத்தது. இன்று ஏதோ பரம்பரை ராஜ்ஜியம் போல ஒலிக்கிற பெயர், உண்மையில் ஒரு கேம் டப்பாவின் மேல் அச்சடித்திருந்தது.

டோம் என்பது யோமியூரி ஜயன்ட்ஸ் பேஸ்பால் அணியின் மைதானம். 1988-ல் திறந்தது. கூரையைத் தாங்கத் தூண்கள் கிடையாது. உள்ளே காற்றழுத்தத்தைச் சற்றே கூட்டி வைத்து, அந்தக் காற்றின் பலத்திலேயே துணிக் கூரையைத் தூக்கி நிறுத்தியிருக்கிறார்கள். மைக் டைசன் 1990-ல் பஸ்டர் டக்ளஸிடம் அடிவாங்கி, கீழே விழுந்த பல்காப்பைத் தேடித் தவழ்ந்தது இந்தக் கூரைக்குக் கீழேதான். தோல்விக்கு ராசியான கட்டடம் என்று சொல்லத் தோன்றுகிறது.

ஒகாடா ஏன் அழுதார் என்பது விளங்க, தனஹாஷி யார் என்று முதலில் சொல்ல வேண்டும்.

நியூ ஜப்பானை 1972-ல் தொடங்கியவர் அன்டோனியோ இனோக்கி. 1976-ல் முகமது அலியோடு மோதிய அதே இனோக்கி. தொழில்முறை மல்யுத்தம்தான் எல்லாச் சண்டைக் கலைகளிலும் பலமானது என்று உலகத்துக்கு நிரூபிப்பதே அவருடைய வாழ்நாள் வெறி. 2000-களின் தொடக்கத்தில் ஜப்பானில் கலப்புச் சண்டைப் போட்டிகள் கொடிகட்டிப் பறந்தபோது, அந்த வெறி கம்பெனியின் கழுத்துக்கே கயிறானது. மல்யுத்த வீரர்களை அசல் சண்டைக்கு அனுப்பினார். பலர் விநாடிக் கணக்கில் சுருண்டார்கள். நேற்று நிஜச் சண்டையில் மயங்கி விழுந்தவரை இன்று பட்டவீரர் என்று காட்டினால் எந்த ரசிகர் நம்புவார்? அரங்கங்கள் காலியாயின. 2005-ல் இனோக்கி தன் பங்கை யூக்ஸுக்கு விற்றுவிட்டு வெளியேறினார்.

அந்தக் காலியான அரங்கத்துக்குள்தான் தனஹாஷி வந்தார். சட்டம் படித்தவர். எண்ணெய் தடவிய உடம்பு, பரட்டை நீளமுடி, வெற்றிக்குப் பிறகு இல்லாத கிட்டாரை வாசிக்கிற அலட்டல். 2006 ஜூலையில் சப்போரோவில் கம்பெனியின் தலையாய பட்டமான ஐடபிள்யூஜிபி ஹெவிவெயிட் பட்டத்தை முதல்முறை வென்றார். பழைய ரசிகர்களுக்கு அவரைக் கண்டாலே ஆகவில்லை. இனோக்கியின் முறைப்பையும் முரட்டுத்தனத்தையும் பார்த்து வளர்ந்தவர்கள், சினிமா ஹீரோ மாதிரி சிரிக்கிற இவரை ஊளையிட்டே விரட்டப் பார்த்தார்கள். அவரும் விடவில்லை. ஊளையிட்ட கூட்டத்தைப் பார்த்தே “உங்களை நேசிக்கிறேன்” என்று கத்தினார். களைப்பாக இருக்கிறதா என்று கேட்டால், பிறந்ததிலிருந்து நான் களைத்ததே இல்லை என்பார். அதுவே அவருடைய முத்திரை வாக்கியமாகிவிட்டது. ஊர் ஊராகப் போய், உள்ளூர் வானொலியில் பேசி, டிக்கெட் விற்று, கொஞ்சம் கொஞ்சமாக ஊளையைக் கைதட்டலாக மாற்றினார். 2011 முழுக்கப் பட்டம் அவரிடம்தான். தொடர்ந்து 11 முறை காத்து அதுவரை இல்லாத சாதனை வைத்தார்.

2012 ஜனவரி 4. பதினோராவது முறை பட்டத்தைக் காத்துவிட்டு நிற்கும் தனஹாஷியின் முன்னால் 24 வயதுப் பையன் ஒருவன் வந்து, உங்கள் காலம் முடிந்தது, இனி என் காலம் என்ற தொனியில் சவால் விட்டான். கூட்டம் சிரித்தது. சிரிக்காமல் என்ன செய்யும்? அமெரிக்காவில் பயிற்சிக்குப் போன இடத்தில் அவனுக்குக் கறுப்பு முகமூடி மாட்டி ‘ஒகாட்டோ’ என்று பெயர் வைத்து, யாருக்கோ எடுபிடியாக நிறுத்தியிருந்தார்கள். திரும்பி வந்து, ‘ரெயின்மேக்கர்’, அதாவது பணமழை பொழிய வைப்பவன் என்று தனக்குத்தானே பட்டம் சூட்டிக்கொண்டு நிற்கிறான். ஐந்து வாரம் கழித்து, பிப்ரவரி 12 அன்று ஒசாகாவில், அதே பையன் தனஹாஷியைத் தோற்கடித்துப் பட்டத்தைக் கொண்டுபோனான். ‘ரெயின்மேக்கர் அதிர்ச்சி’ என்று இன்றும் சொல்கிறார்கள். பூஷிரோட் என்ற சீட்டு விளையாட்டுக் கம்பெனி 50 கோடி யென் கொடுத்து நியூ ஜப்பானை வாங்கியதும் அதற்குச் சரியாக இரண்டு வாரத்துக்கு முன்னால்தான். புது முதலாளி, புதுப் பையன், பணமழை. பேசி வைத்தது என்றால் இதைவிடப் பச்சையாகப் பேசி வைக்க முடியாது.

ஆனால் அடுத்து நடந்ததுதான் எனக்குப் பிடித்தது. அந்தப் பையனை அப்படியே மேலே ஏற்றிக்கொண்டே போகவில்லை. ஜூனில் தனஹாஷி பட்டத்தைத் திரும்ப வாங்கினார். 2013 டோமில் ஒகாடா தோற்றார். ஏப்ரலில் ஜெயித்தார். அக்டோபரிலும் ஜெயித்தார். அப்படியானால் 2014 டோமில் கடைசிப் போட்டி ஒகாடாவுடையதாகத்தானே இருக்க வேண்டும்? கம்பெனி ரசிகர்களிடம் வாக்கு கேட்டது. ஒகாடாவும் டெட்சுயா நைட்டோவும் மோதுகிற உலகப் பட்டப் போட்டியைவிட, தனஹாஷியும் ஷின்சுகே நகமுராவும் மோதுகிற இன்டர்கான்டினென்டல் பட்டப் போட்டிதான் கடைசியில் வேண்டும் என்று வாக்கு விழுந்தது. பெரிய பெல்ட்டை இடுப்பில் கட்டியிருந்தும் ஒகாடா கடைசிக்கு முந்தைய ஆள். கல்யாண வீட்டில் மாப்பிள்ளையை இரண்டாம் பந்திக்கு உட்காரச் சொன்ன மாதிரி.

இந்தப் பின்னணியோடு 2015-க்கு வந்தால்தான் அந்தக் கண்ணீருக்கு அர்த்தம் உண்டு.

அந்த நாள் முழுக்கவே தோற்றவர்களின் நாள் என்று பிற்பாடு எனக்குப் பட்டது. ஒன்பதாவது ரெஸில் கிங்டம் என்றால் வரிசையாக வென்றவர்களைச் சொல்வது வழக்கம். ஜூனியர் பட்டத்தைத் தகுச்சியிடமிருந்து கென்னி ஒமேகா பறித்தார். நெவர் என்ற இன்னொரு பட்டத்தைத் தோமோஹிரோ இஷியிடமிருந்து தோகி மகாபே எடுத்தார். இருவரும் ஒருவரையொருவர் முழங்கையால் இடித்த சத்தம் என் மடிக்கணினி ஸ்பீக்கரிலேயே கலங்கடித்தது. இதையெல்லாம் வேகமாகத் தாண்டிப் போகிறேன். எனக்கு நினைவிருப்பது வேறு.

உதாரணமாக ஹொன்மா. தோமோஅக்கி ஹொன்மா. கரகரத்த குரல், வெயிலில் வாட்டிய பழுப்பு உடம்பு. அவருடைய முக்கிய அடிக்குப் பெயர் ‘கொக்கேஷி’. ஜப்பானில் கைகால் இல்லாத ஒரு மரப்பொம்மை உண்டு, அதன் பெயர். கையைப் பக்கவாட்டில் ஒட்டிக்கொண்டு, விறைத்த கட்டையாக எதிராளி மேல் தலைகுப்புற விழுவார். எதிராளி நகர்ந்துவிடுவார். தரையில் முகம் மோதும். 2014-ல், ஒவ்வொரு வருஷமும் நடக்கிற ஜி1 என்ற தொடரில், காயம்பட்ட கோட்டா இபுஷி என்ற வீரருக்குப் பதிலாகக் கடைசி நேரத்தில் சேர்க்கப்பட்டு, பத்துப் போட்டி ஆடி, பத்திலும் தோற்றார். அதனாலேயே அந்த வருஷம் ஜப்பானிலேயே அதிகம் விரும்பப்பட்டவர்களில் ஒருவரானார். இதோ டோம், இரண்டாவது போட்டி, ஆறு பேர் மோதுகிற சாதாரண ஆட்டம். பட்டம் எதுவும் இல்லை. கொக்கேஷி விழுந்தது. பட்டது. ஒன்று, இரண்டு, மூன்று. நான் நாற்காலியைத் தள்ளிக்கொண்டு எழுந்துவிட்டேன். ஊருக்கு நூறு ரூபாய் கடன்பட்டவன் லாட்டரியில் பத்து ரூபாய் ஜெயித்த மாதிரி ஒரு சந்தோஷம்.

ஷிபாடாவும் கோட்டோவும் இன்னொரு கதை. இருவரும் ஒரே பள்ளிக்கூடம், ஒரே மல்யுத்தக் குழு. ஷிபாடா 2005-ல் கம்பெனியை விட்டுப் போனவர், 2012-ல்தான் திரும்பினார். போனவனை அத்தனை சுலபமாகச் சேர்த்துக்கொள்வார்களா? கோட்டோவோடு அடித்துக்கொண்டு அடித்துக்கொண்டே சிநேகிதமாகி, அன்று இருவரும் சேர்ந்து டேக் டீம் பட்டத்தை வாங்கினார்கள். ஷிபாடா சிரித்து நான் அதிகம் பார்த்ததில்லை.

அதே ஷிபாடாவைப் பற்றி இங்கே ஒன்று சொல்லியாக வேண்டும், இல்லாவிட்டால் ‘நாடகம்’ என்ற வார்த்தையை நான் ஏமாற்றிப் பயன்படுத்தியது போலாகிவிடும். 2017 ஏப்ரல் 9 அன்று ரியோகோக்கு அரங்கில், இதே ஒகாடாவுக்கு எதிரான பட்டப் போட்டியில், ஷிபாடா தலையால் ஒகாடாவின் தலையை முட்டினார். கை குறுக்கே வைக்கவில்லை, மெத்தென்று எதுவும் இல்லை, எலும்பும் எலும்பும். நெற்றியிலிருந்து ரத்தக்கோடு இறங்கியது. போட்டி முடிந்து உள்ளே போனதும் சரிந்தார். மூளையைச் சுற்றி ரத்தக்கசிவு, அறுவைச் சிகிச்சை. அதோடு அவருடைய முழுநேர மல்யுத்தம் முடிந்தது. அன்று ஒகாடா ஜெயிப்பார் என்பது பேசி வைத்தது. அந்த முட்டு விழுந்த இடம் பேசி வைத்ததல்ல.

ஸ்டைல்ஸ் கிளாஷ் என்று ஒரு பிடி உண்டு. ஏஜே ஸ்டைல்ஸின் கடைசி ஆயுதம். எதிராளியைத் தலைகீழாகத் தூக்கி, கைகளைக் காலால் பூட்டி, முகம் முன்னாக இறக்குவார். விழும்போது தாடையை நெஞ்சோடு ஒட்டு என்பதுதான் இந்தத் தொழிலில் முதல் நாள் கற்றுத்தரும் பாடம். பின்மண்டை தப்பிக்க அதுதான் வழி. ஆனால் இந்த ஒரு பிடியில் மட்டும் தாடையை ஒட்டினால் கழுத்து மடங்கும். தலையை நிமிர்த்தினால்தான் பிழைப்பு. ஆயிரம் முறை பழகிய உடம்பு அந்த அரை விநாடியில் பழக்கத்தைத்தான் செய்யும். 2014 நவம்பரில் யோஷி டட்சுவுக்கு அப்படித்தான் கழுத்தெலும்பு முறிந்தது. இரண்டு மாதம் கழித்து டோமில் நைட்டோவுக்கு அதே பிடி, இம்முறை இரண்டாம் கயிற்றின் மேலிருந்து. நான் கண்ணை மூடிக்கொண்டேன். நைட்டோ தலையை நிமிர்த்தினார். தோற்றார், ஆனால் கழுத்தோடு எழுந்து போனார்.

நைட்டோவின் அன்றைய நிலைமை ரொம்பப் பாவம். முந்தின வருஷம் வாக்கெடுப்பில் அவமானப்பட்ட இருவரில் அவரும் ஒருவர். ஒகாடாவுக்காவது பட்டம் கையிலிருந்தது, இவரைக் கூட்டம் வெளிப்படையாகவே நிராகரித்தது. 2015 நடுவில் மெக்சிகோ போய், எதற்கும் அலட்டிக்கொள்ளாத ஆளாகத் திரும்பி வந்தார். ரிங்குக்கு வரவே ஐந்து நிமிஷம் எடுத்துக்கொள்வார். எச்சில் துப்புவார். கோட்டை மடித்து வைத்துக்கொண்டே இருப்பார். உங்களுக்கு நான் வேண்டாமா, சரி, எனக்கும் நீங்கள் வேண்டாம் என்கிற தோரணை. அவ்வளவுதான், கூட்டம் காலில் விழுந்தது. 2020-ல் டோமில் ஒகாடாவைத் தோற்கடித்து உலகப் பட்டம், இன்டர்கான்டினென்டல் பட்டம் இரண்டையும் ஒன்றாகத் தூக்கியபோது, அந்த வாக்குச்சீட்டுக்கு ஆறு வருஷம் கழித்துப் பதில் வந்தது. ஆறு வருஷம். நம் தொலைக்காட்சித் தொடர்களில்கூடப் பழிவாங்க இவ்வளவு நாள் எடுத்துக்கொள்ள மாட்டார்கள்.

கடைசிக்கு முந்தைய போட்டி நகமுரா, இபுஷி. அன்றைய நாளில் சிறந்த போட்டி எது என்று கேட்டால் பலரும் இதைத்தான் சொல்வார்கள், நானும் மறுக்கமாட்டேன். நகமுரா தலையில் கிரீடம் வைத்துக்கொண்டு, எலும்பே இல்லாதவர் போல நெளிந்து நெளிந்து வந்தார். எதிரே கோட்டா இபுஷி, கண்ணில் கள்ளமில்லாத ஒரு முகம். நகமுராவின் கடைசி ஆயுதம் ஓடிவந்து முகத்தில் இறக்குகிற முழங்கால் அடி. அதற்கு ‘போமாயே’ என்று பெயர். இபுஷி செய்த காரியம், அந்தப் போமாயேவை நகமுராவுக்கே கொடுத்தது. அவருடைய அதிர்வையும் நெளிவையும் அவர் முகத்துக்கு முன்னாலேயே செய்து காட்டினார். நகமுராவின் முகம் மாறியதே, அதைப் பார்க்க வேண்டும். விளையாட்டாக இருந்த ஆள் சட்டென்று விளையாட்டை நிறுத்தினார். இபுஷி ஒரு கட்டத்தில் இரண்டாம் கயிற்றில் நின்றபடி, வெளிவிளிம்பில் இருந்த நகமுராவை அப்படியே இடுப்பில் கட்டித் தூக்கி உள்ளே பின்பக்கமாக வீசினார். ஜெயித்துவிடுவார் என்று அந்தக் கணம் நிஜமாகவே நம்பினேன். இருபது நிமிடத்தில் நகமுராதான் ஜெயித்தார். முடிந்ததும் எனக்கு நகமுரா பெரியவராகத் தெரிந்தார், இபுஷியும் பெரியவராகத் தெரிந்தார். தோற்றவரை உயரமாக்கி அனுப்புவது சாதாரண வேலை இல்லை. அமெரிக்கப் பக்கத்தில் இதை அடிக்கடி கோட்டை விடுவார்கள் என்பது என் பழைய புகார்.

சரி, ஒகாடா.

டோமில் ஒகாடா வரும்போது அவர் படம் அச்சடித்த டாலர் தாள்கள் மழையாகக் கொட்டும். அன்று அவருக்கு 27 வயது, தனஹாஷிக்கு 38. முந்தைய ஆகஸ்டில் ஜி1 தொடரை வென்று இந்தக் கடைசிப் போட்டியைச் சம்பாதித்திருந்தார். பட்டம் இப்போது தனஹாஷியிடம். இந்த முறை வாக்கெடுப்பு கிடையாது. கடைசிப் போட்டி இவருடையதுதான். அதிகாரபூர்வக் கணக்கில் 36,000 பேர். ஜெயித்தால் கம்பெனியின் முதல் நாற்காலி கைமாறியது என்று அர்த்தம், எனக்கும் சந்தேகம் இல்லை. இத்தனை வருஷம் பார்த்தவனுக்கு எழுதுகிறவனின் கை எந்தப் பக்கம் சாய்கிறது என்று தெரியாதா?

தெரியவில்லை. தனஹாஷி கிழவனுக்கே உரிய தந்திரத்தோடு ஆடினார். ஒகாடாவின் டிராப்கிக் உலகத்திலேயே அழகானது. நின்ற இடத்திலிருந்து எழும்பி, எதிராளியின் தாடை உயரத்தில் இரண்டு பாதமும் மல்லாந்து போகும். அதற்குக் கால் வேண்டும். ரெயின்மேக்கர் என்கிற அந்தக் கடைசி அடிக்கும், எதிராளியின் மணிக்கட்டைப் பிடித்துச் சுழற்றித் தன்பக்கம் இழுத்துக் கழுத்தில் கையால் வெட்டுகிற அதற்கும், ஊன்றிக்கொள்ளக் கால் வேண்டும். ஆகவே தனஹாஷி காலைப் பிடித்தார். பிடித்துத் திருகித் திருகித் தரையில் சாய்த்தார். அரை மணி நேரத்துக்கு மேல், துல்லியமாகச் சொன்னால் 30 நிமிடம் 57 விநாடி. கடைசியில் மூலைக் கம்பத்தின் உச்சியிலிருந்து உடம்பு மொத்தத்தையும் பரப்பிக்கொண்டு விழுகிற ஹை ஃப்ளை ஃப்ளோ. மூன்று எண்ணியாயிற்று.

அதன் பிறகுதான் அந்த நடை.

டோமின் மேடைப்பாதை மிக நீளம். வரும்போது அது ராஜபாட்டை. தோற்றுப் போகும்போது அதே நீளம் தண்டனை. கேமரா விலகவில்லை. ஒகாடாவின் முகம் முதலில் கோணியது, பிறகு உடைந்தது. அதுவரை அந்த மனிதரின் பாத்திரமே அலட்டிக்கொள்ளாமை. பக்கத்தில் நடந்த அந்தத் தாடிக்காரர் கெடோ எப்போதும் மைக்கைப் பிடித்து, எங்கள் தரமே வேறு என்று பீற்றிக்கொள்வார். அன்று வாயைத் திறக்கவில்லை. வேடிக்கை என்னவென்றால், யார் ஜெயிக்கணும், யார் தோற்கணும் என்று எழுதுகிற பொறுப்பு திரைக்குப் பின்னால் அந்தக் கெடோவுடையதுதான். தோல்வியை எழுதியவரே தோற்றவனைக் கூட்டிக்கொண்டு போகிறார். அம்மாவுக்கு இதைச் சொல்லியிருந்தால் என்ன சொல்லியிருப்பாரோ.

அம்மாவின் ஊர் செஞ்சிப் பக்கம். திரௌபதி அம்மன் கோயிலில் பாரதக் கூத்து நடக்கும்போது விடிய விடிய உட்கார்ந்து வளர்ந்தவர். பதினெட்டாம் நாள் துரியோதனன் தொடை பிளந்து சாவான் என்பது அங்கே கைக்குழந்தைக்கும் தெரியும். தெரிந்தும் படுகளத்தில் மண்ணால் போட்ட துரியோதனனைச் சுற்றி நின்று பெண்கள் ஒப்பாரி வைப்பார்கள். அப்படி அழுதவர்களில் அவரும் ஒருத்தி. அந்த அழுகையைப் பேசி வைத்தது என்று அவர் ஒப்புக்கொள்ளவே மாட்டார். பொய் என்றும் சொல்லமாட்டார். பிறகெதற்கு என்னை அப்படிக் கேட்டார் என்று யோசித்தேன். கூத்தில் அழுவது பார்க்கிற கூட்டம். இங்கே வேஷம் கட்டியவரே அழுகிறார். அதுதான் அவருக்கு இடித்திருக்க வேண்டும்.

என் கணக்கு இது: தோல்வி எழுதப்பட்டது. கேமரா அந்த முகத்திலேயே நிற்கும் என்பதும் எழுதப்பட்டிருக்கலாம். ஆனால் அதை நடத்திக் காட்டியவர், பதின்ம வயதிலேயே பள்ளிப் படிப்புக்குப் பதிலாக இந்தத் தொழிலைத் தேர்ந்தெடுத்து, மெக்சிகோவில் மொழி தெரியாமல் அரங்கேறி, முகமூடிக்குப் பின்னால் எடுபிடியாக நின்று, முந்தின வருஷம் வாக்கெடுப்பில் ஓரங்கட்டப்பட்டவர். கம்பெனியைத் தோளில் தூக்கத் தயார் என்று நிரூபிக்கக் கிடைத்த அடுத்த சந்தர்ப்பத்தில், இன்னும் இல்லை என்று எழுதிக் கையில் கொடுத்துவிட்டார்கள். அந்தத் தாளைப் படித்த அன்று அவருக்கு உள்ளே ஏதாவது ஆகியிருக்காதா? அழுவதற்கு வெளியிலிருந்து எதையும் கடன் வாங்க வேண்டிய அவசியமே இல்லை.

பிறகு 2016 வந்தது. ஜனவரி 4 திங்கட்கிழமை, ஆபீஸ். லீவு கேட்கக் காரணம் கிடைக்கவில்லை. டோக்கியோவில் நடக்கிற மல்யுத்தம் பார்க்க வேண்டும் என்று மேலாளரிடம் சொல்ல முடியுமா? கடைசிப் போட்டி தொடங்கும் நேரத்தில் போனையும் இயர்போனையும் எடுத்துக்கொண்டு அவசரகால மாடிப்படியில் போய் உட்கார்ந்தேன். லிஃப்ட் இருக்கிற கட்டடத்தில் மாடிப்படியைப்போலப் பத்திரமான இடம் கிடையாது.

இந்த முறை இடம் மாறியிருந்தது. முந்தைய ஜூலையில் ஸ்டைல்ஸிடமிருந்து பட்டத்தை வாங்கியிருந்த ஒகாடாதான் இப்போது பட்டவீரர். ஜி1 வென்று சவால்விட்டவர் தனஹாஷி. 36 நிமிடம் நடந்தது. அதிலிருந்து ஒரே ஒரு காட்சியைச் சொல்கிறேன். ஒகாடா ரெயின்மேக்கரை இறக்குகிறார். தனஹாஷி விழுகிறார். ஒகாடாவும் விழுகிறார். ஆனால் தனஹாஷியின் மணிக்கட்டைப் பிடித்த கை பிடித்தபடியே இருக்கிறது. வழக்கமாக அந்த அடிக்குப் பிறகு கையை விட்டுவிடுவார், விட்ட இடைவெளியில் தனஹாஷி எத்தனையோ முறை தப்பியிருக்கிறார். இப்போது கேமரா மெல்ல நெருங்கி, அந்த இரண்டு கைகளை மட்டும் காட்டியது. அரங்கம் அதைக் கண்டுகொண்ட சத்தம் இயர்போனில் ஒரு அலையாக வந்தது. தனஹாஷி எழுந்து திமிறுகிறார், அடிக்கிறார். கை விடுவதாயில்லை. மணிக்கட்டைப் பிடித்தபடியே எழுப்பி மீண்டும் ஒன்று.

போன வருஷம் அழுத முகத்தை அத்தனை நேரம் காட்டியது எதற்கு என்று எனக்கு அந்த மாடிப்படியில்தான் உறைத்தது. அந்தக் கண்ணீர் இல்லாவிட்டால் இது வெறும் கை.

2018 மே மாதம் ஃபுகுவோகாவில் ஒகாடா 12-வது முறை பட்டத்தைக் காத்து தனஹாஷியின் 11-ஐ முறியடித்தார். எதிரே நின்று தோற்றவர் யார்? தனஹாஷிதான். தன் சாதனையைத் தன் உடம்பின் மேலேயே உடைக்கக் கொடுத்தார். 2023 கடைசியில் அவர் கம்பெனிக்கே தலைவரானார். அடுத்த வருஷம் அக்டோபரில் ரியோகோக்குவில் மைக்கைப் பிடித்து, 2026 ஜனவரி 4 அன்று ஓய்வு பெறுவதாக அறிவித்தார். பிறந்ததிலிருந்து களைத்ததே இல்லை என்று சொன்னவரின் முழங்கால்கள் களைத்துப்போய்ப் பல வருஷம் ஆகியிருந்தது, பார்க்கிற எல்லோருக்கும் தெரியும். அந்த அறிவிப்பைக் கேட்ட அன்றுதான் இதையெல்லாம் எழுதி வைக்க வேண்டும் என்று தோன்றியது.

அந்த 2016 மாடிப்படிக்கே திரும்புகிறேன். போட்டி முடிந்ததும் முதல் வேலையாக அம்மாவுக்குப் போன் செய்தேன். ஏன் என்று தெரியாது, யாரிடமாவது சொல்ல வேண்டும் போலிருந்தது.

“அம்மா, அந்த அழுத பையன் ஜெயிச்சிட்டான்மா.”

“எந்தப் பையன்?”

“போன வருஷம், விளக்கேத்த வந்தப்ப கேட்டியே. மஞ்ச முடி.”

கொஞ்ச நேரம் சத்தமில்லை. குக்கர் விசில் கேட்டது.

“ஆமா, அவனா. யார்கிட்ட ஜெயிச்சான்?”

“அன்னைக்கு யார்கிட்ட தோத்தானோ அவர்கிட்டயேதான்.”

“சரி, இன்னைக்கு அந்தாளு அழுதாரா?”

நான் கவனிக்கவில்லை. மணிக்கட்டையும் பெல்ட்டையும் பணமழையையும் பார்த்துக்கொண்டிருந்தவன், தோற்றவர் எப்போது எழுந்தார், எப்படிப் போனார் என்று பார்க்கவேயில்லை. அப்புறம் பேசறேம்மா என்று போனை வைத்துவிட்டு, அந்த மூன்றாவது எண்ணிக்கை வரைக்கும் படத்தைப் பின்னால் இழுத்தேன்.